மூன்றாம் பகுதியில் எத்தனை பேர்

அந்த நாடாளுமன்றத்தின் ஐந்து வருடக் கதையை யார் யாரோ எழுதிவிட்டார்கள். நாலு பிரதமர்கள் வந்து போன ஐந்து வருடம் என்றால் எழுதக் கை துறுதுறுக்கத்தானே செய்யும். தலையணைக்கு உதவுகிற கனத்தில் புத்தகம் போட்டவர்களும் உண்டு. ஆனால் அதில் ஒன்றில்கூட நாற்காலியக்கா கிடையாது. அடிக்குறிப்பில்கூட இல்லை. இதைப் பற்றி எனக்குக் கோபம்தான், மறைப்பானேன்.

நாற்காலியக்கா அங்கே இருக்கைப் பிரிவில் வேலை பார்த்தார். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருந்தது. வாசல் காவலரிலிருந்து மந்திரிவரை எல்லாருக்கும் அவர் நாற்காலியக்காதான். எந்த உறுப்பினர் எந்த நாற்காலியில் உட்கார வேண்டும் என்று வரைபடம் போடுவது அவர் வேலை. அவர் மேசைக்குப் பின்னால் சுவரை அடைத்துக்கொண்டு ஒரு மரப்பலகை. அதில் நூற்றெண்பது சின்னப் பள்ளங்கள், பள்ளத்துக்கு ஒரு அட்டை, அட்டைக்கு ஒரு பெயர். ஆளுங்கட்சிக்கு மஞ்சள் அட்டை, எதிர்க்கட்சிக்கு நீலம், எந்தப் பக்கமும் சேராதவர்களுக்கு வெள்ளை. கட்சி மாறினால் அட்டை மாறும், செத்துப்போனால் அட்டை இழுப்பறைக்குப் போகும். கணினியிலும் எல்லாம் இருந்தது. ஆனாலும் கட்சிக் கொறடாக்கள் கணினியை நம்பாமல் அக்காவின் பலகையைத்தான் வந்து எட்டிப் பார்ப்பார்கள்.

அந்தத் தவணை தொடங்கியபோது பலகையில் நூற்றிரண்டு மஞ்சள். நல்ல பலம். முதல் பிரதமர் நெஞ்சு வலி வந்து ஒன்றரை வருடத்தில் விலகினார். இரண்டாமவர் யாரையும் மதிக்காத மனிதர், அவரை அவர் கட்சிக்காரர்களே கவிழ்த்தார்கள். அந்தச் சண்டையில் கட்சி உடைந்து பத்துப் பேர் எதிர்வரிசைக்கு நடந்து போனார்கள். ஒரே நாளில் பத்து மஞ்சளைப் பிடுங்கிப் பத்து நீலம் செருகினார் அக்கா. "விரல் நுனி தேஞ்சுபோச்சு. இவங்களுக்கென்ன, மனசு மாறிச்சுன்னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போயிடுறாங்க" என்று வீட்டில் புலம்பினார்.

மூன்றாவதாக வந்தவர் ஒரு பெண். அரசியலுக்கு வருவதற்கு முன் பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்தியவர். அதனால் எல்லார் வாயிலும் டீச்சர். முதல் நாள் புது உறுப்பினராக வந்து, "என் இடம் எங்கேம்மா?" என்று அக்காவிடம்தான் கேட்டார். கடைசி வரிசையில் தூணுக்குப் பக்கத்தில் இருந்த நாற்காலியைக் காட்டினார் அக்கா. மூன்று வருடத்தில் அதே டீச்சரின் அட்டையை முதல் வரிசை முதல் பள்ளத்தில் செருகும்போது அக்காவுக்கு என்னவோ தன் வீட்டுப் பிள்ளைக்கு வேலை கிடைத்த மாதிரி இருந்தது.

அதற்குக் காரணமும் உண்டு. மண்டபத்துப் பெண் ஊழியர்களுக்கு அந்தக் கட்டடத்தில் கழிப்பறை கிடையாது. வெயிலோ மழையோ, முற்றத்தைத் தாண்டிப் பழைய அச்சகக் கட்டடத்துக்குத்தான் ஓட வேண்டும். மனு எழுதி எழுதி அக்கா ஓய்ந்து போயிருந்தார். டீச்சர் பிரதமரான இரண்டாம் வாரம் எதற்கோ அந்தப் பக்கம் வந்தவர், மழையில் நனைந்துகொண்டு ஓடிவந்த அக்காவைப் பார்த்துவிட்டார். "எங்கேம்மா போயிட்டு வர்றீங்க?" என்று கேட்டார். அக்கா கூச்சத்தோடு சொன்னார். ஒரே மாதத்தில் மண்டபத்துக்குப் பின்னால் நாலு கழிப்பறை, உள்ளே நல்ல தாழ்ப்பாள், சோப்பு வைக்க மாடம். திறப்பு விழா கிடையாது, கல்வெட்டு கிடையாது. அன்றிலிருந்து டீச்சரை யாராவது ஒரு வார்த்தை குறை சொன்னால் அக்காவுக்குச் சுருக்கென்று கோபம் வரும்.

இப்போது ஓட்டு எண்ணும் முறையைச் சொல்லிவிட வேண்டும், அதில்தான் விஷயமே இருக்கிறது. மண்டபத்தில் ஆறு பகுதிகள், பகுதிக்கு முப்பது நாற்காலி. ஓட்டெடுப்பு என்றால் ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்பார்கள். பகுதிக்கு ஒரு ஊழியர் எண்ணிச் சீட்டில் எழுதிக் கொடுப்பார். மூன்றாம் பகுதி அக்காவுடையது. நிற்பவர்களை எண்ணுவது லேசுப்பட்ட வேலையில்லை. ஒருவர் மறைவில் ஒருவர் நிற்பார், ஒருவர் குனிந்து பேனா எடுப்பார், ஒருவர் பின்னால் திரும்பி வம்பளப்பார். அதனால் முக்கால்வாசிப் பேர் நிற்கும் பகுதியில் எண்ணுபவர்கள் ஒரு சுருக்கு வழி வைத்திருந்தார்கள். உட்கார்ந்திருப்பவர்களை எண்ணுவது. அன்றைக்கு வருகைப் பதிவேட்டில் அந்தப் பகுதியில் எத்தனை பேர் கையெழுத்துப் போட்டிருக்கிறார்களோ அதிலிருந்து இதைக் கழித்துவிட்டால் நிற்பவர்களின் கணக்கு. இருபத்திரண்டு வருடமாக அக்கா இப்படித்தான் எண்ணினார். ஒரு தடவைகூடப் பிசகியதில்லை. "அக்கா சீட்டுன்னா ரெண்டாவது தடவை பாக்க வேணாம்" என்று அவைச் செயலாளரே சொல்வார். அதைக் கேட்கும்போது அக்காவின் முகத்தில் ஒரு மினுமினுப்பு வரும். கர்வம் என்று சொன்னாலும் தப்பில்லை. வந்த இடத்தில் ஒழுங்காக வேலை செய்கிறவளுக்கு அந்தக் கர்வம்கூட இருக்கக் கூடாதா என்ன.

நாலாவது வருடக் கடைசியில் எதிர்க்கட்சி, டீச்சரின் அரசுக்குப் பெரும்பான்மை இல்லை என்று கிளம்பியது. டீச்சர் பத்து நாளுக்குள் நம்பிக்கை ஓட்டுக் கேட்க வேண்டும், சட்டம் அது. விதியும் எளிது. ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்க வேண்டும். வந்திருப்பவர்களில் பாதிக்கு மேல் நின்றால் அரசு நிற்கும், இல்லையென்றால் விழும். நின்றவர் யார் என்ற பெயர்ப் பட்டியல் கிடையாது, எண்ணிக்கை மட்டும்தான்.

பத்தாம் நாள் காலையில் அவைத்தலைவருக்குச் சிறுநீரகக் கல். வலியில் சுருண்டவரை ஆம்புலன்ஸில் கொண்டுபோனார்கள். அன்றோடு கெடு முடிகிறது, தள்ளிப்போட வழியில்லை. துணைத் தலைவர் போய்த் தலைமை நாற்காலியில் உட்கார்ந்தார். அவர் டீச்சரின் கட்சிக்காரர், மூன்றாம் பகுதியில் பதினோராம் நாற்காலி அவருடையது. தலைமை நாற்காலியில் உட்கார்பவருக்கு ஓட்டுக் கிடையாது. அங்கேதான் டீச்சருக்கு இடித்தது. அன்று கையெழுத்துப் போட்டு உள்ளே வந்தவர்கள் நூற்றெழுபத்தேழு பேர், பாதிக்கு மேல் என்றால் எண்பத்தொன்பது. இடையில் செத்துப்போன இரண்டு பேரும் ஆஸ்பத்திரிக்குப் போன தலைவரும் போக, துணைத் தலைவரையும் சேர்த்தால் டீச்சரிடம் சரியாக எண்பத்தொன்பது. அவர் மேலே ஏறிவிட்டதால் எண்பத்தெட்டு. ஒரு ஆள் குறைவு.

அந்த ஒரு ஆளுக்காக இரண்டு பக்கமும் டிரைவர் அண்ணனைச் சுற்றிச் சுற்றி வந்தது. எந்தக் கட்சியிலும் சேராமல் ஜெயித்து வந்தவர் அவர் ஒருவர்தான். முப்பது வருடம் பஸ் ஓட்டியவர், பெரிய மீசை, சின்னக் குரல். மூன்றாம் பகுதியில் கடைசி வரிசை மூலையில் உட்கார்வார், முன்னாலும் பக்கத்திலும் முழுக்க ஆளுங்கட்சி. டீச்சர்மேல் அவருக்கு மரியாதை உண்டு. ஆனால் டீச்சரின் அரசு அவர் தொகுதியில் ஏழு பஸ் தடங்களை நிறுத்தியிருந்தது. அதைத் திரும்ப விடும்வரை அரசுக்காக எழுந்து நிற்க மாட்டேன் என்று ஊர் மக்களிடம் வாக்குக் கொடுத்திருந்தார். டீச்சர் கஜானாவைக் காட்டிக் கையை விரித்துவிட்டார். "அப்ப மன்னிச்சுக்குங்க மேடம்" என்று சொல்லிவிட்டு வந்தார் டிரைவர் அண்ணன்.

பதினொன்றே முக்காலுக்கு மணி அடித்தது, கதவுகளை மூடினார்கள். துணைத் தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்கலாம் என்றார்.

மூன்றாம் பகுதி படபடவென்று எழுந்தது. அக்காவின் கையில் பதிவேட்டு நகல் இருந்தது. பகுதியில் முப்பது பேரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். உட்கார்ந்திருப்பவர்களைப் பார்த்தார். முன்வரிசையில் எதிர்க்கட்சிக்காரர்கள் மூன்று பேர், மூலையில் மடியில் கை வைத்துக்கொண்டு டிரைவர் அண்ணன். நாலு. முப்பதில் நாலு போக இருபத்தாறு. சீட்டில் எழுதிக் கொடுத்தார். ஆறு சீட்டையும் செயலாளர் கூட்டினார். எண்பத்தொன்பது.

டீச்சரின் பக்கம் மேசையைத் தட்டியது, எதிர்ப்பக்கம் கத்தியது. எதிர்க்கட்சிக்காரர்கள் விரல்விட்டு எண்ணி வைத்திருந்தவர்கள். எண்பத்தெட்டுத்தானே இருக்கிறது, எண்பத்தொன்பதாவதாக எழுந்தவன் யார்? அத்தனை தலையும் மூன்றாம் பகுதி மூலைக்குத் திரும்பியது. "வித்துட்டான்யா" என்று ஒருவர் கத்தினார், அவ்வளவுதான், பற்றிக்கொண்டது. டிரைவர் அண்ணன் எழுந்து நின்று என்னமோ சொன்னார். அந்தச் சின்னக் குரல் யார் காதில் விழும்? பக்கத்தில் நின்ற ஆளுங்கட்சிக்காரர்களுக்கு அவர் எழுந்திருக்கவில்லை என்று தெரியும். தெரிந்தால் என்ன, பிழைத்தோம் என்று இருக்கும்போது யார் வாயைத் திறப்பார்கள்? அவை மூன்று மணிக்குத் திரும்பக் கூடும் என்று சொல்லித் துணைத் தலைவர் எழுந்து போனார்.

மதியம் ஊழியர் உணவகத்தில் தொலைக்காட்சி அலறிக்கொண்டிருந்தது. டிரைவருக்கு என்ன பதவி, போக்குவரத்தா, துறைமுகமா என்று கோட்டுப் போட்ட நாலு பேர் ஏலம் விட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் ஊரில் அவர் வீட்டு வாசலில் கூட்டம். படத்தில் ஒரு பெண் அவசர அவசரமாக ஜன்னலைச் சாத்தினார். அது டிரைவர் அண்ணனின் மனைவி.

அண்ணன் அதே உணவகத்தில் ஓரத்து மேசையில் இருந்தார். உறுப்பினர்களின் உணவகத்துக்குப் போக அவருக்குக் கால் வரவில்லை. முன்னால் இருந்த தேநீரில் ஆடை படிந்து கிடந்தது. அக்காவைப் பார்த்ததும் எழுந்தே விட்டார்.

"தங்கச்சி, நீதானே நம்ம பகுதிய எண்ணுன? நான் உக்காந்திருந்தேன்ல? நீ என்னப் பாத்தேல்ல?"

"பாத்தேன்ண்ணே. உக்காந்துதான் இருந்தீங்க. உங்களையும் சேத்துத்தான் நாலு பேருன்னு எண்ணுனேன்."

"அப்ப எவன் எந்திரிச்சான்? எம் பையன் போன் பண்ணி எவ்வளவுப்பா வாங்குனேன்னு கேக்குறான் தங்கச்சி. வெளியில எவனோ கேட்டா பரவால்ல. பெத்த புள்ள கேக்குறான்."

அக்கா சாப்பாட்டுத் தட்டை அப்படியே வைத்துவிட்டு மண்டபத்துக்குப் போனார். மற்ற ஐந்து பேர் எண்ணியதில்தான் எங்கேயோ இடறியிருக்கிறது என்று அவருக்கு நிச்சயம். தன் சீட்டு தப்பாக இருக்கும் என்று கனவில்கூட அவருக்குத் தோன்றவில்லை. காலியான மண்டபத்தில் தன் பகுதிக்கு முன்னால் நின்று, காலையில் நின்ற முகங்களை ஒவ்வொரு நாற்காலியாக மனதில் நிறுத்திப் பார்த்தார். ஒன்று, இரண்டு, மூன்று. பதினொன்றில் வந்து நின்றுவிட்டார். பதினொன்றில் யார் நின்றார்கள்? முகமே வரவில்லை. எப்படி வரும், அந்த நாற்காலிக்காரர் மேலே தலைமை இடத்தில் உட்கார்ந்திருந்தாரே.

துணைத் தலைவர் காலையில் வழக்கம்போல மூன்றாம் பகுதியில் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் மேலே போனார். பதிவேட்டின்படி வந்திருக்கிறார், ஆனால் பகுதியில் இல்லை. ஓட்டெடுப்பின்போது துணைத் தலைவர் ஒருவர் மேலே உட்கார்ந்தது அக்கா பார்த்து இதுதான் முதல் தடவை. மற்றவர்கள் எழுந்து நின்றதில் அந்தக் காலி நாற்காலி மறைந்துவிட்டது. உட்கார்ந்த தலைகளை எண்ணுகிறவள் காலி நாற்காலியைப் பார்க்க மாட்டாள். முப்பதில் நாலு போக இருபத்தாறு இல்லை. இருபத்தொன்பதில் நாலு போக இருபத்தைந்து. மொத்தம் எண்பத்தெட்டு.

அரசு காலையிலேயே விழுந்துவிட்டது. அது அக்கா ஒருவருக்கு மட்டும்தான் தெரியும்.

அக்கா அந்த வரிசையிலேயே ஒரு நாற்காலியில் உட்கார்ந்தார். இத்தனை வருடத்தில் உறுப்பினர் நாற்காலியில் அவர் உட்கார்ந்ததே இல்லை. மணி ஒன்றே முக்கால். மூன்று மணிக்கு அவை கூடியதும் காலை நடவடிக்கையைப் படிப்பார்கள், தலைமை வகித்தவர் கையெழுத்துப் போடுவார். போட்டுவிட்டால் ஆண்டவனே வந்தாலும் மாற்ற முடியாது. அதுவரைக்கும் ஒரு வழி இருந்தது. எண்ணிய ஊழியரே எழுந்து மறு எண்ணிக்கை கேட்கலாம். விதிப் புத்தகத்தில் இருக்கிறது. யாரும் கேட்டதாகச் சரித்திரம் இல்லை.

செயலாளர் அறைக்குப் போனார். அவர் கெட்டவர் இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அக்கா சொன்னதை முழுக்கக் கேட்டார். எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"யார்கிட்ட சொன்ன?"

"உங்ககிட்டத்தான் சார் முதல்ல."

"கடைசியாவும் அதுவே இருக்கட்டும். இங்க பாரு, பதிவேட்டுல நூத்தெழுபத்தேழு. எல்லாம் பொருந்துது. யாரும் கண்டுபிடிக்கப் போறதில்ல. இன்னைக்கு அரசு கவுந்தா நாளைக்கு எத்தனை காரியம் நிக்கும்னு உனக்குத் தெரியுமா? அந்தம்மா கெட்டவங்களா? நீயே சொல்லு."

"தங்கமானவங்க சார்."

"அப்புறம் என்ன?"

"டிரைவர் அண்ணன் திருடன்னு பேர் வாங்கிட்டு உக்காந்திருக்காரு சார்."

செயலாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒரு மாசத்துல எல்லாரும் மறந்துடுவாங்க. உன் கதைய யோசி. இருக்கைப் பிரிவுத் தலைவர் பதவிக்கு உன் பேரத்தான் எழுதியிருக்கேன். படிச்ச பட்டமில்லாத ஒருத்திக்கு அந்தப் பதவி இதுவரைக்கும் போனதில்ல. ஃபைல் இதோ, என் மேசையில. இருபத்திரண்டு வருஷமா பிசகாதவள்னு எழுதித்தான் சம்மதம் வாங்கியிருக்கேன். நீயே போய் நாடு பூரா பாக்கப் பிசகிட்டேன்னு சொன்னா, நான் என்னத்த எழுதுறது?"

அக்கா வெளியே வந்தார். படிக்கட்டுத் திருப்பத்தில் நின்று வீட்டுக்காரருக்குப் போன் போட்டார். அவர் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். அந்த நேரத்தில் வேனைக் கழுவிக்கொண்டிருப்பார். குழாய்ச் சத்தத்துக்கு நடுவே அக்கா எல்லாவற்றையும் கொட்டினார். குழாயை நிறுத்தும் சத்தம் கேட்டது.

"ஏங்க, இருக்கீங்களா?"

"இருக்கேன், இருக்கேன். பதவி போயிடுமா?"

"போயிடும்."

"வேலை?"

"விசாரணை வைப்பாங்க. வேலை போகாதுன்னு நெனைக்கிறேன். தெரியல."

"துணி மடிக்கும்போதுகூட ஒரு சாக்ஸ் குறையுதுன்னு வீட்டையே புரட்டிப் போடுறவ நீ. இதை உள்ள வச்சுக்கிட்டு நீ தூங்குவியா? நீயும் தூங்க மாட்ட, என்னையும் தூங்க விடமாட்ட" என்றார்.

"கிண்டலா?"

"கிண்டல் இல்லம்மா. பயமாத்தான் இருக்கு. ஆனா நீ என்ன பண்ணுவன்னு எனக்குத் தெரியும். என்னை எதுக்குக் கேக்குற?"

அக்கா போனை வைத்தார். டீச்சர் கட்டிக் கொடுத்த கழிப்பறைக்குள் போய்த் தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டு ஒரு மூச்சு அழுதார். தன் பதவிக்காக மட்டும் அழவில்லை. யாருக்கு நன்றி சொல்ல வேண்டுமோ அவர் தலையிலேயே கல்லைத் தூக்கிப் போடப் போகிறோமே என்றுதான் அந்த அழுகை. பிறகு முகத்தைக் கழுவினார்.

மூன்று மணிக்கு மண்டபம் நிரம்பி வழிந்தது. டிரைவர் அண்ணன் தன் மூலையில் தலையைக் குனிந்தபடி இருந்தார், அவர் வரிசையில் ஒருத்தரும் அவரைப் பார்க்கவில்லை. செயலாளர் காலை நடவடிக்கையைப் படித்தார். படிக்கும்போது ஒரு தடவை நிமிர்ந்து அக்காவைப் பார்த்தார். துணைத் தலைவர் பேனாவை எடுத்தார்.

ஊழியர்கள் மண்டபத்துக்குள் வாயைத் திறக்கக் கூடாது. அக்காவும் அந்த நாள்வரை திறந்ததில்லை. தும்மல் வந்தால்கூட வெளியே ஓடிப்போய்த் தும்முகிறவர்.

"தலைவர் அவர்களே. மூன்றாம் பகுதி மறு எண்ணிக்கை கேக்குது."

குரல் கீச்சென்று வந்தது. துணைத் தலைவரின் பேனா காகிதத்துக்கு ஒரு விரற்கடை மேலே நின்றது. யார் பேசியது என்று அவருக்கு உடனே பிடிபடவில்லை. பிடிபட்டதும் முகம் சுருங்கியது.

"என்ன காரணம்?"

"உங்களையும் சேர்த்து எண்ணிட்டேன் ஐயா."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு பாதியில் செத்துப்போனது, ஏனென்றால் அர்த்தம் ஒவ்வொருவருக்காக உறைக்கத் தொடங்கிவிட்டது. அக்கா நிறுத்தவில்லை. நிறுத்தினால் திரும்பத் தொடங்க முடியாது என்று அவருக்குத் தெரியும். "நீங்க கையெழுத்துப் போட்டிருந்தீங்க, ஆனா உங்க நாற்காலியில இல்ல. நான் அதைக் கழிக்கல. என் தப்பு. மூன்றாம் பகுதியில காலையில நின்னவங்க இருபத்தஞ்சு பேர். கடைசி வரிசை மூலையில இருக்கிற உறுப்பினர் எந்திரிக்கவே இல்ல. அவரை உக்காந்தவங்க கணக்குல நானே எண்ணுனேன்."

துணைத் தலைவர் நினைத்திருந்தால் மறுத்திருக்கலாம். பேனா அவர் கையில், கட்சி அவர் கட்சி. அவர் முதல் வரிசையைப் பார்த்தார். டீச்சர் அவரைப் பார்த்துத் தலையை அசைத்தார், ஒரே ஒரு தடவை. பேனாவைக் கீழே வைத்தார்.

மறுபடி மணி அடித்தது, மறுபடி கதவுகள் மூடின. ஆதரிப்பவர்கள் எழுந்தார்கள். இந்தத் தடவை அக்கா கழித்தல் கணக்குப் போடவில்லை. வரிசைக்குள் இறங்கி நடந்தார். நின்ற ஒவ்வொருவரின் மேசையையும் விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினார். பதினோராம் நாற்காலி காலி. மூலைக்கு வந்தார். டிரைவர் அண்ணன் நிமிர்ந்து அக்காவைப் பார்த்தார். அந்த நேரத்தில் அவர் எழுந்திருந்தால் அரசு பிழைத்திருக்கும். முன்னால் நின்ற மந்திரி ஒருவர் திரும்பி, "அண்ணே, இப்பவாவது" என்று கெஞ்சினார். அண்ணன் மடியில் கை வைத்தபடி உட்கார்ந்திருந்தார். ஊருக்குக் கொடுத்த வாக்கு மதியத்துக்கும் அதேதான். இருபத்தைந்து.

மொத்தம் எண்பத்தெட்டு என்று துணைத் தலைவர் அறிவித்தார். மேசை தட்டும் சத்தமும் கூச்சலும் பக்கம் மாறின. காலையில் கத்தியவர்களில் இரண்டு பேர் டிரைவர் அண்ணனிடம் போய்க் கையைப் பிடித்தார்கள். அவர் கையைக் கொடுத்தார். போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார். மகனைக் கூப்பிடத்தான்.

அதற்கப்புறம் நடந்ததெல்லாம் அந்தத் தடிப் புத்தகங்களில் இருக்கிறது. எதிர்க்கட்சித் தலைவர் பிரதமரானார், மிச்சமிருந்த ஒரு வருடத்தை ஓட்டினார். மறு எண்ணிக்கையை ஒரே வரியில், "எண்ணிக்கைப் பிழை ஒன்று திருத்தப்பட்டது" என்று எழுதியிருக்கிறார்கள். தானாகத் திருந்திக்கொண்டது போலும்.

அக்காவுக்கு விசாரணை வைத்தார்கள். ஒரு எச்சரிக்கைக் கடிதம் கொடுத்தார்கள். பிரிவுத் தலைவர் பதவி, கணக்கியலில் பட்டம் வாங்கிய ஒருவருக்குப் போனது. செயலாளர் அந்த ஃபைலை எடுத்துப் போனபோது அக்காவின் முகத்தைப் பார்க்கவில்லை. அக்கா அன்று வீட்டுக்குப் போய், "போயிடுச்சுங்க" என்று மட்டும் சொன்னார். வருத்தமில்லாமல் இல்லை. இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. பிசகாதவள் என்ற பேரும் போனது, பதவியும் போனது. அந்த மாதிரி நேரத்தில் பெருமையாக இருந்தது என்று சொல்பவர்களை நான் நம்ப மாட்டேன்.

ஆனால் வேலை யாருக்காகவும் காத்திருக்கவில்லை. அரசு மாறினால் இரண்டு பக்கமும் இடம் மாற வேண்டும். நூற்றெழுபத்தெட்டு அட்டைகளையும் பிடுங்கித் திரும்பச் செருக மூன்று நாள் அவகாசம். எந்த இடம் வேண்டும் என்று ஒவ்வொரு உறுப்பினரிடமும் கேட்டு எழுதிக்கொள்வது முறை. டீச்சர் கட்சித் தலைமையையும் விட்டுவிட்டார், இப்போது அவர் சாதாரண உறுப்பினர். அவரிடமும் கேட்டாக வேண்டும். அந்தப் பெயரைப் பட்டியலின் கடைசிக்குத் தள்ளித் தள்ளி வைத்தார் அக்கா. மூன்றாம் நாள் சாயங்காலம் தள்ள வேறு பெயர் இல்லை.

டீச்சர் தன் அலுவலகத்தைக் காலி செய்துகொண்டிருந்தார். மேசைமேல் அட்டைப்பெட்டிகள். சுவரில் மாட்டியிருந்த உலக வரைபடத்தைச் சுருட்டிக்கொண்டிருந்தவர், வாசலில் நின்ற அக்காவைப் பார்த்ததும், "வாங்கம்மா, இந்த ஓரத்தக் கொஞ்சம் பிடிங்க" என்றார். அக்கா பிடித்தார். இரண்டு பேருமாகச் சுருட்டி ரப்பர் வளையம் போட்டார்கள். மூன்று நாளாக மனதுக்குள் ஓட்டிப் பார்த்ததை அக்கா தொடங்கினார்.

"மேடம், என்னால..."

"உங்களால என்ன? எண்பத்தெட்டு என் கணக்கு. உங்க கணக்கு இல்ல." டீச்சர் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார். மூன்று நாளில் முகம் கறுத்துப் போயிருந்தது. "பொய் சொல்ல மாட்டேன்மா, முதல் நாள் உங்கமேல எனக்குக் கோபம் வந்துச்சு. நல்லாவே வந்துச்சு. சரி, எதுக்கு வந்தீங்க, அதச் சொல்லுங்க."

அக்கா பட்டியலை நீட்டினார். "எந்த இடம் வேணும்னு கேக்கணும் மேடம். முன்னாள் பிரதமருக்கு முதல் வரிசை கொடுக்கிறது வழக்கம். ஒண்ணாம் பகுதியிலயும் இருக்கு, ஆறாம் பகுதியிலயும் இருக்கு. ஆறுல காத்து நல்லா வரும்."

டீச்சர் பட்டியலை வாங்கவே இல்லை.

"மூன்றாம் பகுதியில போடுங்க. எந்த வரிசையா இருந்தாலும் பரவாயில்ல. என்னை நீங்க எண்ணுங்க."